ஓய்வுபெற்ற அரசு ஊழியர் மீதான ஒழுங்கு நடவடிக்கையும் ஓய்வூதியப் பறிப்பும்

அரசுப் பணியிலிருந்து ஓய்வுபெற்ற ஒருவர், பணிக்காலத்தில் கடும் தவறோ அலட்சியமோ செய்தது நிரூபிக்கப்பட்டால், அவரது ஓய்வூதியத்தை முழுமையாகவோ பகுதியாகவோ அரசு நிறுத்தலாம். தமிழ்நாட்டில் இந்த அதிகாரம் 1978ஆம் ஆண்டு தமிழ்நாடு ஓய்வூதிய விதிகளின் 9ஆம் விதியிலிருந்து வருகிறது. அதன் வேர் ஆங்கிலேயர் ஆட்சிக்காலத்தில் உள்ளது.

தோற்றம்

1871ஆம் ஆண்டு ஓய்வூதியச் சட்டம், அரசு தரும் ஓய்வூதியம் குறித்த வழக்குகளை உரிமையியல் நீதிமன்றங்கள் நேரடியாக விசாரிப்பதைத் தடுத்தது; மாவட்ட ஆட்சியர் உள்ளிட்ட அலுவலர்களிடமே முறையிட வேண்டும். அதே சட்டம், கடன்காரர்கள் ஓய்வூதியத்தைப் பற்றுகை செய்ய முடியாது என்றும் கூறியது. கடன்காரரிடமிருந்து காப்பு இருந்தது, அரசிடமிருந்து இல்லை.

பின்னர் வந்த குடிமைப் பணி ஒழுங்குமுறைகளின் 351ஆம் பிரிவு, ஓய்வுக்குப் பிந்தைய நன்னடத்தை ஒவ்வொரு ஓய்வூதியத்துக்கும் உள்ளார்ந்த நிபந்தனை என்றது. 351-அ பிரிவு, பணிக்காலத் தவறால் அரசுக்கு நேர்ந்த இழப்பை ஓய்வூதியத்திலிருந்து ஈடுசெய்ய இடமளித்தது. விடுதலைக்குப் பின் மத்திய அரசும் மாநிலங்களும் இயற்றிய ஓய்வூதிய விதிகள் இவ்விரண்டையும் பெரிதும் அப்படியே ஏற்றன.

ஒன்பதாம் விதி

பணியில் இருக்கும்போதே தொடங்கிய ஒழுங்கு நடவடிக்கை, ஓய்வுக்குப் பின்னும் தொடரும். தமிழ்நாட்டில் பெருந்தண்டனைக்கான நடவடிக்கை, 1955ஆம் ஆண்டு குடிமைப் பணிகள் (ஒழுங்கு மற்றும் மேல்முறையீடு) விதிகளின் 17(ஆ) பிரிவின்கீழ் தரப்படும் குற்றச்சாட்டுக் குறிப்பாணையுடன் தொடங்குகிறது. ஊழியர்கள் இதை "செவன்டீன் பி" என்றே அழைப்பர்.

ஓய்வுக்குப் பின் புதிதாக நடவடிக்கை தொடங்க இரண்டு தடைகள் உள்ளன. முதலாவது, அரசின் ஒப்புதல் வேண்டும். இரண்டாவது, சம்பவம் நடவடிக்கை தொடங்கும் நாளுக்கு நான்கு ஆண்டுகளுக்குள் நடந்திருக்க வேண்டும். ஓய்வூதியத்தை நிறுத்த ஊழியர் உடன்படாவிட்டால், தமிழ்நாடு அரசுப் பணியாளர் தேர்வாணையத்தின் கருத்தைக் கேட்க வேண்டும். விசாரணை முடியும்வரை தற்காலிக ஓய்வூதியம் வழங்கப்படும், பணிக்கொடை வழங்கப்படாது.

நீதிமன்றத் தீர்ப்புகள்

தேவகிநந்தன் பிரசாத் எதிர் பீகார் அரசு வழக்கில் (1971) உச்ச நீதிமன்றத்தின் அரசியல் சாசன அமர்வு, ஓய்வூதியம் அரசின் விருப்பப்படி தரப்படும் கொடையன்று, ஊழியரின் சொத்து என்றது. 1982 டிசம்பர் 17 அன்று வெளியான டி. எஸ். நகரா வழக்குத் தீர்ப்பு இதை மேலும் வலுப்படுத்தியது. அந்நாள் ஓய்வூதியர் நாளாக இன்றும் கொண்டாடப்படுகிறது.

சொத்துரிமை அடிப்படை உரிமைகளின் பட்டியலிலிருந்து 44ஆம் சட்டத் திருத்தத்தால் நீக்கப்பட்டது. ஆயினும், சட்டத்தின் அதிகாரமின்றி எவருடைய சொத்தையும் பறிக்கலாகாது என்று 300-அ உறுப்பு கூறுகிறது. ஜார்க்கண்ட் அரசு எதிர் ஜிதேந்திர குமார் ஸ்ரீவாஸ்தவா வழக்கில் (2013) இந்த உறுப்பே துணைநின்றது. விதியில் இடமில்லாதபோது, வெறும் நிர்வாக ஆணையைக் கொண்டு ஓய்வூதியத்தைப் பிடித்தம் செய்ய முடியாது என்று நீதிமன்றம் முடிவு செய்தது. அதற்கு முன்பே டி. வி. கபூர் வழக்கில் (1990), தவறு "கடுமையானது" என்ற தெளிவான முடிவு இல்லாமல் ஓய்வூதியத்தைப் பறிக்கலாகாது என்று கூறப்பட்டிருந்தது.

ஓய்வு நாளில் பணியிடை நீக்கம்

தமிழ்நாட்டின் அடிப்படை விதி 56(1)(இ), பணியிடை நீக்கத்தில் உள்ளவரை விசாரணை முடியும்வரை ஓய்வுபெற அனுமதிப்பதில்லை. இதனால், மாலையில் பிரிவு உபசார விழாவை எதிர்நோக்கியிருப்பவருக்கு அன்றே பணியிடை நீக்க ஆணை வரும் நிலை உண்டானது. அவருக்கு முறையான ஓய்வூதியம் தொடங்காது. விசாரணை ஆண்டுக்கணக்கில் நீண்டால், குற்றம் மெய்ப்பிக்கப்படும் முன்பே தண்டனை நடந்துவிடுகிறது. இவ்வழக்கத்தைத் தவிர்த்து, ஓய்வுக்கு மூன்று மாதங்கள் முன்பாகவே முடிவெடுக்க வேண்டும் என்று 2007இல் அரசு ஆணையிட்டது. 2021இலும் இது வலியுறுத்தப்பட்டது.

வேலூர்–ஆம்பூர் தோல் பகுதி

நான்கு ஆண்டு வரம்பு ஊழியருக்குப் பாதுகாப்பு. ஆவணங்களும் சாட்சிகளும் மறைந்தபின் முதியவர் ஒருவரால் தன்னைத் தற்காத்துக்கொள்ள இயலாது. ஆனால் மெதுவாக வெளிப்படும் தீங்குகளில் அதே வரம்பு மறுபக்கத்தையும் காட்டுகிறது. வாலாஜாப்பேட்டை முதல் வாணியம்பாடி வரையிலான பாலாற்றுப் படுகை இதற்கு எடுத்துக்காட்டு.

தோல் பதனிடும் ஆலைகளின் கழிவுநீர் குறித்து வேலூர் குடிமக்கள் நல மன்றம் 1991இல் தொடுத்த வழக்கில், 1996 ஆகஸ்ட் 28 அன்று உச்ச நீதிமன்றம் தீர்ப்பளித்தது. சுமார் 35,000 ஹெக்டேர் விளைநிலம் பகுதியாகவோ முழுமையாகவோ பயிரிடத் தகுதியற்றதாகிவிட்டது என்ற ஆய்வை அத்தீர்ப்பு எடுத்துக்காட்டியது. ஆலைகள் ஒவ்வொன்றும் 10,000 ரூபாய் அபராதம் செலுத்த உத்தரவிடப்பட்டது. இவ்வழக்கு முடியவே ஐந்து ஆண்டுகள் ஆயின. விதியின் வரம்போ நான்கு ஆண்டுகள். எனவே, வழக்குத் தொடங்கியபோது ஓய்வுபெற்றிருந்த அலுவலர் எவர் மீதும், முன்பே குறிப்பாணை தரப்படாதிருந்தால், தீர்ப்புக்குப் பின் துறை நடவடிக்கை எடுக்க வழியில்லை. கண்காணிக்கத் தவறியவர் எவர் என்ற கேள்விக்கு ஒன்பதாம் விதியில் விடை கிடைக்காது.

இதே பகுதியின் தோல், காலணித் தொழிலாளர்கள் வேறொரு முறையின்கீழ் வருகின்றனர். அவர்களுக்கு 1995ஆம் ஆண்டு தொழிலாளர் ஓய்வூதியத் திட்டம் பொருந்தும். 2014 செப்டம்பர் முதல் அதன் குறைந்தபட்சத் தொகை மாதம் 1,000 ரூபாய். தவறு செய்ததாகப் பணிநீக்கம் செய்யப்பட்ட தொழிலாளியின் பணிக்கொடையை முதலாளி சில சூழல்களில் பறிக்கலாம்; ஓய்வூதியத்தைத் தொட முடியாது. தொகை சிறியதாயினும், அதில் நன்னடத்தை நிபந்தனை இல்லை.

இன்றைய நிலை

2003 ஏப்ரல் 1 முதல் பணியில் சேர்ந்தோருக்கு 1978ஆம் ஆண்டு விதிகள் பொருந்தாது. அவர்கள் பங்களிப்பு ஓய்வூதியத் திட்டத்தில் சேர்க்கப்பட்டனர். எனவே ஒன்பதாம் விதி, அதற்கு முன் பணியில் சேர்ந்த தலைமுறையை மட்டுமே கட்டுப்படுத்துகிறது.