பண்டிகைக் காலை விருந்தினர்

கற்பில் சிறந்தவள் கண்ணகியா, மாதவியா என்று கோயில் திடல்களில் வழக்காடிய பட்டிமன்றம், 1993-இல் சன் தொலைக்காட்சி தொடங்கியபின் நம் கூடத்துக்கே வந்து சேர்ந்தது. தீபாவளி எண்ணெய்க் குளியல் முடிந்து இட்லித் தட்டோடு அமர்ந்தால், நடுவராக மதுரை அமெரிக்கன் கல்லூரியில் தமிழ் கற்பித்த சாலமன் பாப்பையா. எதிரெதிர் அணிகளில் ராஜா, பாரதி பாஸ்கர். காப்பியம் விலகி, கணவனா மனைவியா என்பது தலைப்பானது. இலக்கிய வாசகர்களான நாம் முகம் சுளித்தோம், ஆயினும் பார்த்தோம். 2021-இல் பாப்பையாவுக்குப் பத்மஸ்ரீ அறிவிக்கப்பட்டபோது வீட்டுப் பெரியவருக்குக் கிடைத்ததாகவே மகிழ்ந்தோம். ஆண்டுதோறும் திரும்பி வந்த அம்முகங்களிடமிருந்தே, மாற்றுத் தரப்பைச் சிரித்தபடி இறுதிவரை கேட்கப் பழகினோம். கூச்சலே விவாதமாகிவிட்ட இன்று அப்பழக்கத்தின் அருமை விளங்குகிறது.