வக்கத்து வாப்பாவுக்கு வந்த கடிதம்

தேங்காய்ப்பட்டணம் அன்று திருவிதாங்கூரின் கடற்கரை. அதே கரையோரம் வடக்கே போனால், ஆற்றிங்கல்லுக்குப் பக்கத்தில் வக்கம். இரண்டு ஊர் முஸ்லிம் வீடுகளிலும் அப்பாவை ‘வாப்பா’ என்றுதான் கூப்பிடுவார்கள். இரண்டு ஊர்ப் பிள்ளைகளுக்கும் கப்பலேறிப் பிழைக்கப் போவது புதிதல்ல. வக்கத்து அப்துல் காதரும் 1938-ல் அப்படித்தான் மலேயாவுக்குப் போனார். 1917-ல் பிறந்தவர், அப்போது வயது 21.

1942 பிப்ரவரியில் சிங்கப்பூர் ஜப்பான் வசமானது. காதர் இந்திய சுதந்திர லீகில் சேர்ந்து, பினாங்கில் உளவுப் பயிற்சி பெற்றார். செப்டம்பரில் ஜப்பானிய நீர்மூழ்கிக் கப்பல் ஒன்று அவரையும் தோழர்களையும் மலபாரின் தானூர் அருகே இறக்கிவிட்டது. வந்த வேலையைத் தொடங்கும் முன்பே பிடிபட்டார்கள். காதரை நேதாஜி அனுப்பிவைத்ததாக இன்றும் பலர் எழுதுகிறார்கள். அப்போது நேதாஜி பெர்லினில் இருந்தார். சிங்கப்பூருக்கு அவர் வந்ததே 1943 ஜூலையில்தான். அதற்குள் காதர் சென்னைச் சிறையில் தூக்குத் தண்டனைக் கைதி.

தண்டனை கொடுத்தது ராணுவக் கோர்ட் அல்ல, தனி நீதிமன்றம். ஆனால் கடுமையில் ராணுவக் கோர்ட்டுக்குச் சளைத்ததல்ல. 1943-ல் வெள்ளை அரசு பிறப்பித்த எதிரி உளவாளிகள் அவசரச் சட்டம் மரண தண்டனைக்கு வழி வைத்திருந்தது. ஆள் பிடிபட்டது 1942-ல். சட்டம் வந்தது 1943-ல். போர்க்கால நீதியின் லட்சணம் இது!

1943 செப்டம்பர் 9, ரமலான் மாதம். மறுநாள் வெள்ளிக்கிழமை விடியுமுன் தூக்கு. அந்த நிலையில் காதர் வாப்பாவுக்கு எழுதினார். உம்மாவையும் உடன்பிறந்தவர்களையும் அதில் நினைத்துக்கொண்டார். எந்த நேரத்தில் உயிர் போகும் என்பதை ஒளிக்காமல் சொன்னார். தூக்குமேடையில் தைரியமாக, சந்தோஷமாக ஏறினேன் என்று, பார்த்தவர்கள் ஒருநாள் உங்களிடம் வந்து சொல்வார்கள். அப்போது நீங்கள் மகிழ்வீர்கள் என்றார். சாகப்போகிற மகன் பெற்றவர்களைத் தேற்றுகிறான். அவரது அரசியலைவிட இந்தக் கடிதம்தான் எனக்குப் பெரிதாகப் படுகிறது. ஆறுதல் சொல்ல வேண்டிய வாப்பா தூரத்து ஊரில் இருந்தார். அந்த வேலையையும் மகனே எடுத்துக்கொண்டார்.

செப்டம்பர் 10 அன்று காதருடன் அனந்தன் நாயர், சத்யேந்திர சந்திர பர்தன், ஃபவுஜா சிங் ஆகியோரும் தூக்கிலிடப்பட்டார்கள். ஓர் இந்துவையும் ஒரு முஸ்லிமையும் சேர்த்தே தூக்கில் போடும்படி காதர் கடைசியாகக் கேட்டதாகச் சொல்வார்கள். ஆறு வாரம் கழித்து, அக்டோபர் 21-ல், சிங்கப்பூரில் ஆசாத் ஹிந்த் அரசை நேதாஜி அறிவித்தார்.

(தொடரும்)