சோகோலோவ்: ஓவியர், விஞ்ஞானி, கூண்டு வைத்திருந்தவர்

இன்னிக்கு நாம பேசப்போறவர் நிஜத்தில் பிறக்கவே இல்லை. பேர் ஆண்டன் சோகோலோவ். ஊர் டன்வால். 2012-ல் வந்த 'டிஸ்ஆனர்ட்' கேமை விளையாடியிருந்தா இவரை நீங்களே தோள்ல தூக்கிட்டுப் போயிருப்பீங்க. விளையாடாதவங்களும் தாராளமா கேட்கலாம், ஆனா ஒண்ணு: கதையோட முடிச்சுகளை இன்னிக்கு அவிழ்க்கத்தான் போறேன். அப்புறம் என்னைத் திட்டக்கூடாது.

முதல்ல ஊரைப் பத்தி. இந்த கேமை உருவாக்கினது பிரான்ஸ் நாட்டு லியோன் நகரத்தில் தொடங்கின ஆர்கேன் ஸ்டுடியோஸ். ஆரம்பத்தில் கதையை இடைக்கால ஜப்பானில் வைக்கலாம்னு யோசிச்சாங்க. அப்புறம் 1666-ம் வருஷத்து லண்டன். கொள்ளைநோய் ஓய்ந்து, பெருந்தீ ஊரையே தின்ன வருஷம் அது. கடைசியில் லண்டனையும் எடின்பரோவையும் கலந்து டன்வால்னு ஒரு புது ஊரையே கட்டிட்டாங்க. அதுக்குத் தோற்றம் கொடுத்தவர்களில் முக்கியமானவர் விக்டர் அன்டோனோவ், 'ஹாஃப் லைஃப் 2' கேமில் சிட்டி 17-ஐ வடிவமைச்ச அதே பல்கேரியக் கலைஞர்.

கதை நடக்கும் ஆண்டு அந்த உலகத்துக் கணக்கில் 1837. தெருவெல்லாம் எலி. எலியோட கொள்ளைநோய். நகரத்தை ஓட்டுவது திமிங்கில எண்ணெய். நிஜ லண்டனிலும் எரிவாயு விளக்கு வர்றதுக்கு முன்னாடி திமிங்கில எண்ணெய் விளக்கு எரிஞ்சது உண்மைதான். ஆனா அங்கே அது சும்மா திரியை நனைச்சு எரிஞ்ச எண்ணெய். டன்வாலில் அதே எண்ணெய் மின்சாரம் மாதிரி வேலை செய்யும், கீழே போட்டா வெடிக்கும்.

இந்த ஊரோட மூளைதான் சோகோலோவ். அரச மருத்துவர், இயற்கைத் தத்துவ அகாடமியின் தலைவர், கண்டுபிடிப்பாளர். போதாததுக்கு, ஊரிலேயே பெரிய உருவப்பட ஓவியர். பணக்காரன்னா அவன் வீட்டுச் சுவரில் ஒரு சோகோலோவ் தொங்கணும். கேமில் அந்தப் படங்களைத் திருடினா நல்ல காசு. அந்த உருவப்படங்களை உண்மையில் வரைந்தவர் ஆர்கேனின் கலைஞர் செட்ரிக் பெய்ராவெர்னே. எனக்கு அந்தப் படங்கள் ரொம்பப் பிடிக்கும். வரையப்பட்ட ஆளின் திமிர் முகத்தில் அப்படியே உட்கார்ந்திருக்கும். வரைஞ்சவருக்கு அவங்க மேல பெரிய மரியாதை இல்லைன்னு பார்த்தாலே தெரியும்.

ஒரே ஆள் ஓவியராவும் கண்டுபிடிப்பாளராவும் இருக்கிறது கேம்காரங்க விட்ட கப்சான்னு நினைக்காதீங்க. நீராவிப் படகை வணிக ரீதியா ஓட்டிக் காட்டின ராபர்ட் ஃபுல்டன், ஆரம்பத்தில் உருவப்படம் வரைஞ்சு பிழைச்சவர். தந்தி மோர்ஸ் தெரியும் இல்லையா? சாமுவேல் மோர்ஸ், முழுநேர ஓவியர். 1825-ல் வாஷிங்டனில் ஜெனரல் லஃபாயெட்டை வரைஞ்சுக்கிட்டிருந்த நேரத்தில் அவர் மனைவி நியூ ஹேவனில் இறந்துபோனாங்க. கடிதம் கிடைத்து இவர் ஊர் போய்ச் சேர்றதுக்குள்ள அடக்கமே முடிஞ்சிருந்தது. பிறகு அமெரிக்க நாடாளுமன்றக் கட்டடத்தின் வட்ட மண்டபத்தில் படம் வரையும் வாய்ப்பு கைநழுவிப் போக, ஓவியத்தையே விட்டுட்டு தந்திப் பக்கம் முழுசா திரும்பினார். அது எந்த வருஷம்? 1837. தற்செயலாத்தான் இருக்கும், ஆனாலும் எனக்கு இது நினைக்க நினைக்க சுவாரசியம்.

சரி, சோகோலோவ் கண்டுபிடிச்சது என்னென்ன? 'ஒளிச்சுவர்'னு ஒரு வாசல். அனுமதி இல்லாதவன் அதைத் தாண்டினா சாம்பல். அப்புறம் நெருங்கி வர்றவனை மின்னல் மாதிரி அடிச்சுக் கொல்லும் தூண். ரெண்டுக்கும் திமிங்கில எண்ணெய்க் கலன்தான் உயிர். கலனை உருவிட்டா சுவர் அணைஞ்சிடும். கம்பியை மாத்திவிட்டா, காவலுக்கு நிற்கிறவனையே அது சாம்பலாக்கும். அந்தச் சின்ன வேலையிலேயே கேம் ஒரு விஷயத்தைச் சொல்லிடுது. அந்த இயந்திரத்துக்கு நல்லவன் கெட்டவன் கிடையாது, கம்பி யார் கையில் இருக்கோ அவங்க ஆள்தான் அது.

இன்னொண்ணு, நோய் வராமல் தடுக்கும் மருந்து. சோகோலோவ் எலிக்ஸர். காசிருந்தா குடிக்கலாம். இல்லாதவங்களுக்காக ஒரு ரவுடிக் கும்பல் பழைய விஸ்கி ஆலையில் அதையே கள்ளத்தனமா வடிச்சு விக்குது. நோயை ஊருக்குள்ள கொண்டுவந்தது யார்னு பார்த்தா, ஏழைகளை ஒழிச்சுக்கட்ட நினைச்ச அரசாங்க உளவுத் தலைவரே. ஏழை வீட்டுக்கு அனுப்பின எலி பணக்காரன் வீட்டுக்கும் போகும்னு அந்த மேதாவிக்குத் தோணலை.

இப்ப முக்கியமான கட்டம். கால்ட்வின் பாலத்து மேலே, மொட்டை மாடியில் இருக்கும் சோகோலோவின் ஆய்வகத்துக்கு நீங்க அவரைக் கடத்தப் போறீங்க. அங்கே கூண்டு. கூண்டுக்குள்ள மனுஷங்க. நோய்க்கு மருந்து கண்டுபிடிக்க அவர்களை வெச்சுத்தான் சோதனை. ஊரைக் காப்பாத்தப் போற மருத்துவர் இவர்தான். இதைச் செய்யறவரும் இவர்தான்.

இதுக்கு நிஜ லண்டனில் ஒரு முன்கதை உண்டு. 1721, ஊரெல்லாம் பெரியம்மை. நோயாளியின் கொப்புளத்துச் சீழை எடுத்து, நலமா இருக்கிறவரின் தோலைக் கீறி வைச்சா, லேசா வந்து போயிடும், பிறகு வராதுன்னு துருக்கியில் பார்த்துட்டு வந்து சொன்னவர் லேடி மேரி வோர்ட்லி மொன்டேகு. வேல்ஸ் இளவரசி கரோலினுக்குத் தன் குழந்தைகளுக்கும் இதைச் செய்யணும்னு ஆசை, ஆனா பயம். என்ன செஞ்சாங்க? நியூகேட் சிறையிலிருந்து தூக்குத் தண்டனைக் கைதிகள் ஆறு பேரைத் தேர்ந்தெடுத்தாங்க. மூணு ஆண், மூணு பெண். ஒப்புக்கிட்டா விடுதலை, இல்லைன்னா கயிறு. ஆகஸ்ட் 9 அன்னிக்கு, மருத்துவர்கள் பலர் சுத்தி நின்னு பார்க்க, சார்ல்ஸ் மெய்ட்லண்ட் என்ற அறுவை மருத்துவர் அவர்களின் தோலைக் கீறினார்.

ஆறு பேரும் பிழைச்சாங்க, விடுதலையும் ஆனாங்க. ஆனா கதை அங்கே நிக்கலை. அதில் ஒரு இளம்பெண்ணை, நிஜமாவே நோய் தொத்தாதான்னு பார்க்க, பெரியம்மை பரவியிருந்த ஹெர்ட்ஃபர்டுக்கு நோயாளிகளைக் கவனிச்சுக்க அனுப்பினாங்க. தொத்தலை. அடுத்து அனாதைக் குழந்தைகளுக்குப் போட்டுப் பார்த்தாங்க. அதுவும் சரியா வந்த பிறகு, 1722 ஏப்ரலில், இளவரசிகள் அமேலியாவுக்கும் கரோலினுக்கும். வரிசையைக் கவனிச்சீங்களா? கைதி, அனாதை, இளவரசி.

வேற வரிசையும் சாத்தியம்தான். 1897 ஜனவரியில் பம்பாயில் பிளேக் தடுப்பூசியைத் தயாரிச்ச வால்டெமர் ஹாஃப்கின், அதை முதல்ல போட்டுக்கிட்டது தன் உடம்பில். பைகுல்லா சிறைக் கைதிகளுக்குப் போனது அதுக்கப்புறம்தான். சோகோலோவ் அந்தக் கூண்டுக்குள்ள ஒரு நாளும் தானா போனதில்லை.

ஆனா நீங்க அவரை உள்ளே தள்ளுவீங்க. கடத்திட்டு வந்ததும் அவரை அடைச்சு வைக்கிற இடம் ஒரு மதுக்கடையின் நாய்க்கொட்டடி. வாயைத் திறக்கவைக்க ரெண்டு வழி. எலிகளை அவர் மேல ஏவிவிடலாம், இல்லைன்னா நல்ல பிராந்தி ஒரு பாட்டில் வாங்கிக் கொடுக்கலாம். எலி வழியைத் தேர்ந்தெடுத்தா நீங்களும் அவரும் ஒண்ணுன்னு கேம் எங்கேயும் எழுதிக் காட்டாது. ரத்தம் அதிகம் சிந்தாம முடிச்சா, போட்டியாளர் பியரோ ஜோப்ளினோட சேர்ந்து சோகோலோவ் நோய்க்கு மருந்தைக் கண்டுபிடிச்சிடுவார்.

15 வருஷம் கழிச்சு நடக்கிற இரண்டாம் பாகம் 2016-ல் வந்தது. அதில் வர்ற வில்லன்களைப் பாருங்க. டெலைலா, ஒருகாலத்தில் சோகோலோவிடம் ஓவியம் கத்துக்கிட்டவள். கிரின் ஜிண்டோஷ், அவருடைய அகாடமியில் படிச்சு, வெளியே துரத்தப்பட்டவன். தூரிகைக்கு ஒரு சிஷ்யை, இயந்திரத்துக்கு ஒருத்தன். தான் உருவாக்கினதையெல்லாம் நினைச்சு வருந்திக்கிட்டிருந்த கிழவரைக் கடத்தி, அறைகளே நகர்ந்து மாறும் தன் மாளிகையில் ஜிண்டோஷ் அடைச்சு வைக்கிறான். இயந்திரச் சிப்பாய் கட்டும் வேலைக்கு அவர் உதவணும்னு மின் அதிர்ச்சி கொடுக்கிறான். இந்த முறையும் நீங்கதான் அவரைத் தோள்ல தூக்கிட்டு வெளியே வரணும்.