சங்கத்தின்ர விதியை மாத்துறது ஆர்?

அம்மம்மாவின் தகரப்பெட்டிக்குள் ஒரு பங்குப்பணப் பற்றுச்சீட்டு கிடந்தது. அதில் இருக்கிற ஐக்கிய சங்கம் இப்ப ஊரில இல்லை. எங்க போனது எண்டு கேட்டா, "பெரிய சங்கத்தோட சேத்துப்போட்டாங்கள்" எண்டு முடிச்சிடுவா. உங்களைக் கேட்டவங்களோ எண்டால் சிரிப்பு மட்டும்தான்.

அந்தச் சிரிப்புக்குப் பின்னால ஒரு சட்டம் இருக்கு. இலங்கையின் முதல் கூட்டுறவுச் சட்டம் 1911இல் வந்தது, கடன் சங்கங்களுக்காக. 1942 ஏப்ரல் 9 அன்று யப்பான் விமானங்கள் திருகோணமலைத் துறைமுகத்தில் குண்டு போட்ட காலத்தில், அரிசியைப் பங்கிட்டுக் கொடுக்க நாடெங்கும் சங்கக்கடைகள் பெருகின. அவற்றில் கனக்க சின்னச் சின்ன ஊர்ச்சங்கங்கள். 1970ஆம் ஆண்டின் 35ஆம் இலக்கச் சட்டம் அவற்றை ஒன்றாக்கும் அதிகாரத்தைப் பதிவாளரிடம் கொடுத்தது. ஆயிரக்கணக்கான சங்கங்கள் சில நூறு பெரிய பலநோக்குச் சங்கங்களாகச் சுருங்கின. சோல்பரி யாப்பின் கீழ், நிறைவேறிய சட்டத்தையும் நீதிமன்றத்தில் கேள்வி கேட்கலாம். 1972 மே 22இல் வந்த குடியரசு யாப்பு அந்தக் கதவை மூடிவிட்டது. அதே ஆண்டின் 5ஆம் இலக்கக் கூட்டுறவுச் சட்டத்தின்படி, உறுப்பினர்கள் பொதுக்கூட்டத்தில் உபவிதியைத் திருத்தினாலும் பதிவாளர் பதியும் வரை அது செல்லாது. எங்கட சங்கம்தான், ஆனா சாவி கந்தோரில.

1987இன் பதின்மூன்றாம் திருத்தம் சாவியைக் கொஞ்சம் கிட்டக் கொண்டுவந்தது. மாகாணத்துக்குள் உள்ள கூட்டுறவுச் சங்கங்களைப் பதிவதும் மேற்பார்வை செய்வதும் கணக்காய்வதும் மாகாண சபை நிரலுக்குள் வந்தன. அந்த நிரலில் உள்ள விடயத்தில் பாராளுமன்றம் கைவைப்பதென்றால், சட்டமூலத்தை ஒவ்வொரு மாகாண சபைக்கும் அனுப்பிக் கருத்துக் கேட்க வேண்டும். ஒரு சபை மறுத்தாலும் மூன்றில் இரண்டு பெரும்பான்மை தேவை.

இந்த விதி உண்மையில் உரசிப் பார்க்கப்பட்டது 2012இல், "வாழ்வின் எழுச்சி" எனப்பட்ட திவிநெகும சட்டமூலத்தில். சமுர்த்தி அதிகாரசபையையும் தெற்கு, உடரட்ட அபிவிருத்தி அதிகாரசபைகளையும் ஒரு திணைக்களத்துக்குள் அடக்குவது திட்டம். சமுர்த்தி வங்கிச் சங்கங்கள் சட்டப்படி கூட்டுறவுச் சங்கங்கள் அல்ல. ஆனால் அவற்றில் இருந்தது ஏழைச் சனத்தின்ர சேமிப்பும் பங்குப்பணமும். அஞ்சு பேர் சேர்ந்து ஒரு சிறுகுழு, ஒருவருக்கு ஒருவர் பிணை. கிண்ணியாவிலும் மூதூரிலும் அந்தக் குழுக்களைக் கொண்டுநடத்தினது பெரும்பாலும் பெண்கள்.

செப்டெம்பரில் உயர் நீதிமன்றம், மாகாண சபைகளைக் கேட்காமல் இது நகர முடியாது என்றது. அந்த மாதம்தான் கிழக்கில் தேர்தல் முடிந்திருந்தது. 37 ஆசனங்களில் தமிழரசுக் கட்சிக்கு 11. முஸ்லிம் காங்கிரஸின் ஆதரவோட ஆளுங்கட்சி ஆட்சியமைத்தது. திருகோணமலையில் கூடுகிற புதிய சபையும் சட்டமூலத்துக்கு ஒப்புதல் கொடுத்துவிட்டது. தன் அதிகாரத்தைக் கேட்டு வந்த முதல் பெரிய கடிதத்துக்கே கையெழுத்து வைத்த சபை அது எண்டுதான் எனக்குப் படுகுது. வடக்கில் சபையே இல்லை, ஆளுநர் சம்மதம் சொன்னார். மாவை சேனாதிராஜா வழக்குப் போட்டார். தெரிவான சபைக்குப் பதிலாக ஆளுநர் பேச முடியாது என்று நீதிமன்றம் கூறியது. மூன்றில் இரண்டும், ஒரு வாசகத்துக்குச் சர்வசன வாக்கெடுப்பும் தேவை என்றது. அந்த வாசகத்தை மாற்றி, 2013 ஜனவரி 8இல் 160க்கு 53 வாக்குகளால் சட்டம் நிறைவேறியது. அதே கிழமைக்குள் பிரதம நீதியரசர் சிராணி பண்டாரநாயக்கவும் பதவிநீக்கப்பட்டார்.

அங்கால இந்தியாவிலும் கிட்டத்தட்ட இதே பிழை. 2011இன் 97ஆவது திருத்தம் கூட்டுறவுச் சங்கங்களுக்கு டில்லியிலிருந்து விதி வகுத்தது: இயக்குநர் 21 பேருக்கு மேல் கூடாது, பதவிக்காலம் ஐந்து ஆண்டு. விதிகள் கெட்டவையில்லை. ஆனால் கூட்டுறவு மாநில விடயம், அரைவாசி மாநிலங்களின் ஒப்புதல் எடுக்கப்படவில்லை. 2013இல் குஜராத் உயர் நீதிமன்றமும் 2021 ஜூலை 20இல் உச்ச நீதிமன்றமும் அந்தப் பகுதியைத் தள்ளின. பல மாநிலங்களில் இயங்கும் சங்கங்களுக்கு மட்டும் அது மிஞ்சியது.

கவனிக்க வேண்டியது காலம். அங்கே திருத்தம் நடைமுறைக்கு வந்த பிறகும் வழக்குப் போட முடிந்தது. இங்கே, அப்போதைய விதிப்படி, சட்டமூலம் பாராளுமன்ற ஒழுங்குப் பத்திரத்தில் ஏறி ஒரு கிழமைக்குள் போகவேணும், அதுவும் கொழும்புக்கு. மூதூரில் சிறுகுழு நடத்துற ஒரு அக்காவுக்கு வர்த்தமானி கைக்கு வந்து, வாசித்து, சட்டத்தரணி பிடிக்க ஒரு கிழமை!

ஆனால் சட்டம் வேறு, ஆணையாளரின் முடிவு வேறு. ஒரு சங்கத்தின் உபவிதித் திருத்தத்தைப் பதிய மறுத்தாலோ, விசாரணையில்லாமல் நிர்வாகத்தைக் கலைத்தாலோ, மாகாண நிரல் விடயங்களில் எழுத்தாணை கேட்கும் வழி மாகாண மேல் நீதிமன்றத்திலும் இருக்கிறது. அதற்குக் கொழும்புக்கு பஸ் ஏறத் தேவையில்லை, திருகோணமலையிலேயே மனுப் போடலாம். பொதுக்கூட்டத்துக்குப் போகிறவர்கள் அறிக்கையோடு உபவிதிப் புத்தகத்தின் பிரதி ஒன்றையும் கேட்டு வாங்குங்கோ. அம்மம்மாட்ட பற்றுச்சீட்டு மட்டும்தான் இருந்தது.