"தொழிலாளர்" அல்லாத ஆசிரியர்: ஒப்பந்தப் பணி முடியும்போது எஞ்சும் உரிமைகள்

ஒப்பந்த ஆசிரியரின் பணி ஆணையில் பெரும்பாலும் ஒரு வரி தவறாது இடம்பெறும்: கல்வியாண்டின் கடைசி வேலைநாளோடு இப்பணி தானாகவே முடிவுக்கு வரும். ஜூன் மாதத்தில் அதே வகுப்பறைக்கு மற்றோர் ஆணை வரலாம், வராமலும் போகலாம். இடையே ஊதியமில்லாத கோடை. இந்த வழக்கத்துக்கு நீதிமன்றங்களில் ஒரு நீண்ட வரலாறு உண்டு. அது ஓர் ஓட்டுநரிடமிருந்து தொடங்குகிறது.

தில்லிப் பல்கலைக்கழகம் மாணவியருக்காக இயக்கிய பேருந்தின் ஓட்டுநர் ராம்நாத். அவர் பணிநீக்கம் செய்யப்பட்டபோது, 1947ஆம் ஆண்டின் தொழில் தகராறுகள் சட்டம் தந்த பாதுகாப்பைக் கோரினார். ஓராண்டு தொடர்ந்து உழைத்த தொழிலாளரை ஆட்குறைப்புச் செய்வதற்கு ஒரு மாத முன்னறிவிப்பும், ஒவ்வோர் ஆண்டுப் பணிக்கும் 15 நாள் ஊதியம் இழப்பீடாகவும் தர வேண்டும் என்றது அச்சட்டம். பல்கலைக்கழகம் ஒரு "தொழில்" அன்று என்று கூறி, 1963இல் உச்ச நீதிமன்றம் அவர் கோரிக்கையை மறுத்தது. 1978இல் பெங்களூர் குடிநீர் வழங்கல் வாரிய வழக்கில், நீதிபதி கிருஷ்ணய்யர் இடம்பெற்ற ஏழு நீதிபதிகள் அமர்வு அக்கருத்தை மாற்றியது. கல்வி நிறுவனமும் தொழிலே என்றானது.

ஆசிரியருக்கும் கதவு திறந்துவிட்டது என்றே எவரும் எண்ணியிருப்பர். கோவாவில் தனியார் பள்ளியொன்றில் 1975இல் பணியிழந்த ஆசிரியை சுந்தராம்பாளின் வழக்கில், 1988இல் வந்த தீர்ப்பு வேறு விதமாக அமைந்தது. பள்ளி ஒரு தொழில்தான்; ஆனால் கற்பித்தல் உடலுழைப்பும் அன்று, எழுத்தர் பணியும் அன்று, தொழில்நுட்பப் பணியும் அன்று; அது உன்னதமான அறப்பணி. ஆகவே ஆசிரியர் "தொழிலாளர்" அல்லர். பள்ளிப் பேருந்தின் ஓட்டுநர் பெற்ற பாதுகாப்பை, அந்தப் பள்ளியின் ஆசிரியர் தம் பணியின் பெருமை காரணமாகவே இழந்தார்.

அரசு நிறுவனங்களின் ஆசிரியர்களுக்கு எஞ்சியது அரசியலமைப்பின் 14, 16ஆம் உறுப்புகள். ஹரியானா அரசு கல்வியாண்டுத் தொடக்கத்தில் ஆசிரியர்களைத் தற்காலிகமாக நியமித்து, கோடை விடுமுறைக்கு முன் நீக்கி, மறு ஆண்டு மீண்டும் நியமித்து வந்தது. ரத்தன்லால் வழக்கில் (1985) உச்ச நீதிமன்றம் இதனைக் கண்டித்தது. முறையான நியமனம் நடக்கும்வரை பணியில் நீடிப்போருக்குக் கோடை விடுமுறை ஊதியமும், தகுதியுடையோருக்கு மகப்பேறு, மருத்துவ விடுப்புகளும் தரப் பணித்தது. பியாரா சிங் வழக்கு (1992) மற்றொரு விதியைத் தந்தது: ஒரு தற்காலிக ஊழியரை அகற்றிவிட்டு அவ்விடத்தில் இன்னொரு தற்காலிக ஊழியரை அமர்த்தலாகாது, முறைப்படித் தேர்வானவருக்கே அவர் இடம்விட வேண்டும்.

2006ஆம் ஆண்டின் உமாதேவி தீர்ப்பு, நீண்டகாலப் பணி மட்டுமே பணிவரன்முறை பெறும் உரிமையைத் தராது என்று அறுதியிட்டது. அதன் பிறகு "ஒப்பந்தப் பணியாளருக்கு எவ்வுரிமையும் இல்லை" என்ற பேச்சு நிர்வாகங்களிடையே பரவியது. அது தவறான வாசிப்பு. நிரந்தரமாகும் உரிமை வேறு; நியாயமற்ற முறையில் அகற்றப்படாதிருக்கும் உரிமை வேறு. மத்தியப் பிரதேசக் கல்லூரிகளின் கௌரவ விரிவுரையாளர்கள் தொடுத்த மனீஷ் குப்தா வழக்கில், பியாரா சிங் வகுத்த விதி 2022இலும் உயிரோடிருப்பதை உச்ச நீதிமன்றம் உறுதி செய்தது. குற்றம் சுமத்தி நீக்குவதாயின் விசாரணை தேவை என்பதும் பழைய நெறியே.

பணிக்கொடையின் கதை இன்னும் பாடம் தருவது. 1972ஆம் ஆண்டுப் பணிக்கொடைச் சட்டத்தின் "பணியாளர்" என்ற வரையறைக்குள் ஆசிரியர் வரமாட்டார் என்று 2004இல் அகமதாபாத் தனியார் தொடக்கப்பள்ளி ஆசிரியர்கள் தோற்றனர். நாடாளுமன்றம் 2009இல் அவ்வரையறையை "உடலுழைப்போ, வேறு எவ்வகைப் பணியோ" என்று விரித்தது. 1997 ஏப்ரல் 3 முதலே அது செல்லுமென்றும் விதித்தது. தனியார் பள்ளிகள் எதிர்த்து வழக்காடி 2022 ஆகஸ்டில் தோற்றன. அச்சட்டம் ஐந்தாண்டுத் தொடர்பணியைக் கோரியது. 2025 நவம்பர் 21 அன்று நடைமுறைக்கு வந்த சமூகப் பாதுகாப்புத் தொகுப்புச் சட்டமோ, குறித்த கால ஒப்பந்தம் முடிவுறுவோருக்கு அந்த ஐந்தாண்டு நிபந்தனையை நீக்கியிருக்கிறது.

இவ்வரலாற்றிலிருந்து ஆய்வாளர்களும் ஒப்பந்தத்தில் பணியாற்றும் நண்பர்களும் எடுத்துக்கொள்ள வேண்டியது ஒன்றுண்டு. "உன்னதப் பணி" என்ற புகழுரை எந்த இழப்பீட்டையும் பெற்றுத் தந்ததில்லை. சட்டத்தின் ஒரு சொல்லை மாற்றியதே பெற்றுத் தந்தது. அச்சொல்லின் பயனைக் கோருவதற்குச் சான்றுகள் வேண்டும். ஒவ்வோர் ஆண்டின் பணி ஆணை, வருகைப் பதிவின் நகல், ஊதியம் வரவான வங்கிக் கணக்குப் பதிவு ஆகியவற்றைப் பணி முடிந்த பிறகு திரட்டுவது கடினம். பணியிலிருக்கும்போதே சேர்த்து வையுங்கள்.