ஈழத்துத் திரையில் நகைச்சுவை – ‘கோமாளிகள்’ பற்றிய ஒரு நோக்கு

ஈழத்துத் தமிழ்த் திரைப்பட வரலாறு 1962 இல் வெளிவந்த ‘சமுதாயம்’ என்ற 16 மி.மீ. படத்துடன் தொடங்குகின்றது. அடுத்த ஆண்டில் ‘தோட்டக்காரி’ வந்தது. எனினும், வெள்ளவத்தை ‘சவோய்’, கொட்டாஞ்சேனை ‘செல்லமஹால்’ முதலிய அரங்குகளை நாடிய கொழும்புத் தமிழரின் சுவையைத் தென்னிந்தியப் படங்களே பெரிதும் உருவாக்கின. அவற்றின் பணபலத்தோடு உள்ளூர்ப் படங்கள் போட்டியிட இயலவில்லை. 1972 இல் அரச திரைப்படக் கூட்டுத்தாபனம் நிறுவப்பட்டு, இறக்குமதி கட்டுப்படுத்தப்பட்ட பின்னரே உள்ளூர்த் தயாரிப்பாளருக்கு ஓரளவு இடம் கிடைத்தது.

இச்சூழலில் 1976 இல் வெளிவந்ததே ‘கோமாளிகள்’. எஸ். இராமநாதன் இயக்கிய இப்படம், இலங்கை வானொலியில் நேயர்களின் பேராதரவைப் பெற்ற ‘கோமாளிகளின் கும்மாளம்’ என்னும் தொடர் நாடகத்திலிருந்து பிறந்தது. எஸ். ராம்தாஸின் மரிக்கார் முஸ்லிம் மக்களின் தமிழையும், ரி. ராஜகோபாலின் அப்புக்குட்டி யாழ்ப்பாணத் தமிழையும், செல்வசேகரனின் உபாலி சிங்களவர் பேசும் தமிழையும், பி.எச். அப்துல் ஹமீதின் ஐயர் பிராமணர் தமிழையும் பேசினர்.

இளம் உள்ளங்களின் காதலை அக்காலப் படங்கள் பெரும்பாலும் துயரத்தோடே நோக்கின. ‘பொன்மணி’யில் (1977) சாதியும் சீதனமும் குறுக்கிட்டன. ‘கோமாளிகள்’ சென்ற வழி வேறு. கொழும்பின் ஒரே தெருவில் நாள்தோறும் கேட்கும் பல தமிழ்களை அது திரைக்குக் கொணர்ந்தது. சென்னைத் திரைத்தமிழுக்குப் பழகிய செவிகள், திரையில் தம் அயலவரின் குரலைக் கேட்டன. இது கேலி அன்றோ எனச் சிலர் வினவலாம். ஒரு சாராரின் பேச்சை மட்டும் நகைப்புக்கு உள்ளாக்கியிருப்பின் அக்குற்றச்சாட்டுப் பொருந்தும். இங்கோ நால்வரும் கோமாளிகளே. எவர் தமிழும் ஏனையவற்றை அளக்கும் அளவுகோலாகவில்லை.

‘ஏமாளிகள்’ (1978) போன்ற படங்கள் இவ்வழியைத் தொடர்ந்தன. ஆனால் 1977 இன் பின் வந்த திறந்த பொருளாதாரம் இந்தியப் படங்களுக்கு மீண்டும் வழிவிட்டது. 1983 யூலைக் கலவரத்தில் ஹெந்தளை விஜயா கலையகம் எரியூட்டப்பட்டபோது, பல படங்களின் மூலச்சுருள்களும் அழிந்தன. சிங்களவரும் முஸ்லிமும் தமிழரும் ஒருங்கிருந்து சிரிக்க இயலும் எனத் திரை காட்டிய ஏழாண்டுகளுள் அது நிகழ்ந்தமை சிந்தனைக்குரியது. கலைத்தரத்தில் ‘கோமாளிகள்’ குறைகள் உடையதாயினும், அந்நம்பிக்கையின் சான்றாக அது பேணப்பட வேண்டியதாகும்.