மீட்டிங்

இங்கிலீஷில் 'மீட்டிங்' என்று ஒரு வார்த்தை இருக்கிறது. நம் ஊர்ப் பாட்டிமார்களுக்குக்கூட அதற்கு அர்த்தம் சொல்ல வேண்டியதில்லை. மேடை போட்டு, மாலை வாங்கி வைத்து, நாலு பேர் பேசினால் அது மீட்டிங். ஆனால் அந்த வார்த்தையின் பூர்வ கதையைப் படித்த பிறகு, அதை அவ்வளவு அலட்சியமாக உச்சரிக்க என்னால் முடிவதில்லை.

பழைய ஆங்கிலத்தில் 'கெமோட்' என்றால் கூட்டம். அரசனுக்கு யோசனை சொன்ன பெரியவர்களின் சபைக்கு 'விட்டனகெமோட்', அதாவது விவேகிகள் கூட்டம் என்று பெயர். 'மீட்டிங்' அந்தக் குடும்பத்துக் குழந்தைதான். வளர்ந்த பிறகு அது போகாத இடமில்லை. குதிரைப் பந்தயம் நடந்தால் அதுவும் மீட்டிங். இரண்டு கனவான்கள் கைத்துப்பாக்கியுடன் எதிரெதிரே நின்று சுட்டுக்கொண்டால், நாசூக்காக அதற்கும் மீட்டிங் என்றே பெயர்! 1829-ல் பிரதம மந்திரியாயிருந்த வெல்லிங்டன் பிரபுவே வின்சில்ஸீ பிரபுவுடன் இப்படி ஒரு 'மீட்டிங்' நடத்தினார். நல்ல வேளை, யாருக்கும் காயமில்லை.

துப்பாக்கி பிடித்த கனவான்களைச் சர்க்கார் பெரும்பாலும் கண்டுகொள்வதில்லை. சும்மா உட்கார்ந்திருந்தவர்களைக் கண்டுதான் அது நடுங்கியது.

'க்வேக்கர்' என்ற கிறிஸ்தவப் பிரிவினர் தங்கள் வழிபாட்டுக்கே மீட்டிங் என்று பெயர் வைத்தார்கள். எல்லோரும் மௌனமாக உட்கார்ந்திருப்பார்கள். யாருக்காவது உள்ளத்தில் ஏதேனும் தோன்றினால் எழுந்து பேசுவார்கள். 1670-ல் லண்டனில் அவர்கள் கூடும் வீட்டைச் சிப்பாய்கள் அடைத்துவிடவே, வில்லியம் பென் என்ற வாலிபர் தெருவிலேயே பிரசங்கம் செய்தார். சட்ட விரோதமாகக் கூட்டம் கூட்டியதாக அவர்மேல் வழக்கு வந்தது. ஜூரர்கள் அவரைத் தண்டனைக்கு ஒப்புக்கொடுக்க மறுத்தார்கள். சோறு தண்ணீர் இல்லாமல் அவர்களை அடைத்து வைத்துப் பார்த்தார்கள், அசையவில்லை. அபராதம் விதித்தார்கள். அதைக் கட்ட மறுத்துச் சிறை சென்ற புஷெல் என்ற ஜூரர் மேலே வழக்காடி ஜெயித்தார். தீர்ப்புக்காக ஜூரரைத் தண்டிக்கக் கூடாது என்பது அன்றுதான் உறுதியாயிற்று.

1795-ல் இன்னொரு சட்டம் வந்தது. முன்னறிவிப்பு இல்லாமல் 50 பேருக்கு மேல் கூடி ராஜாங்க விஷயம் பேசக் கூடாது! அந்தச் சட்டம் பிறகு காலாவதியானாலும் பயம் காலாவதியாகவில்லை. 1819 ஆகஸ்ட் 16-ம் தேதி மான்செஸ்டர் மைதானத்தில் சுமார் 60,000 பேர் வோட்டுரிமை கேட்டுக் கூடினார்கள். பெண்கள் பலர் வெள்ளை உடுத்தி, குழந்தைகளையும் அழைத்து வந்திருந்தார்கள். அவர்கள் நடுவே குதிரைப் படை வாளை வீசிக்கொண்டு புகுந்தது. பதினைந்து பேருக்குமேல் மாண்டார்கள், நூற்றுக்கணக்கானோர் காயமுற்றார்கள். அந்த வருஷமே கூட்டங்களுக்குப் புதிய கட்டுப்பாடுகள் வந்தன. வாள் வீசியவர்களுக்கு அரசாங்கத்தின் நன்றி கிடைத்தது.

1907-ல் வெள்ளைக்காரர்கள் நம் தேசத்துக்கும் இப்படி ஒரு சட்டம் செய்தார்கள். அது அமலான பிரதேசங்களில் 20 பேருக்கு மேல் கூடினாலே பொதுக்கூட்டம் என்று கொள்ளப்படும். இல்லையென்றால் நீங்கள்தான் நிரூபிக்க வேண்டும். அங்கே 50, இங்கே 20! கப்பலில் வரும் வழியில் முப்பது பேரைக் காணோம்.

நம் வீடுகளில் பெண் பார்க்கவே இருபது பேருக்கு மேல் வருவார்கள். அடுத்த முறை அப்படிக் கூடும்போது, யாரிடமும் அனுமதி கேட்காமல் கூடியிருக்கிறோமே என்று ஒரு நிமிஷம் நினைத்துப் பாருங்கள். அந்தச் சௌகரியத்துக்கு முன்கூட்டியே விலை கொடுத்தவர்கள் பலர்.